சிறு துப்பாக்கியும் முதற் சீலமும்

மட்டாஞ்சேரிக் கடைத்தெருவில், மிளகும் ஏலமும் சுக்கும் மணக்கும் பண்டகசாலை ஒன்றில் கணக்கராகப் பணிபுரியும் தமிழன்பர் ஒருவர் நமக்குக் கடிதம் விடுத்துள்ளார். திரிசரணமும் பஞ்ச சீலமும் ஏற்று வாழ்பவர். நாள்தோறும் விற்றுமுதற் பணத்தை இரவில் தனியே எடுத்துச் செல்ல நேர்கிறது என்றும், தமிழகத்துச் சிற்றூரில் வாழும் தம் உறவினர் ஆதிக்கச் சாதியாரின் அச்சுறுத்தலுக்கு இலக்காகி உறக்கமிழந்துள்ளனர் என்றும் எழுதுகிறார். அவர் விடுக்கும் வினாக்கள் இரண்டு. அரசு உரிமம் பெற்று வைத்துக்கொள்ளத்தக்க சிறு கைத்துப்பாக்கியின் நலன்களை எவ்வாறு மதிப்பிடுவது? அதனை வைத்திருத்தல் பௌத்தனுக்குத் தகுமா?

முதல் வினாவைப் படைக்கல வணிகரிடம் கேட்பதன்றோ முறை என்று சிலர் நகைக்கக்கூடும். நாம் அவ்வாறு கருதவில்லை. ஒரு பொருள் எதற்காக எங்ஙனம் வகுக்கப்பட்டுள்ளது என்பதைத் தெளிந்தால்தான் அதனைக் கைக்கொள்ளலாமா என்பதும் தெளிவாகும். ஆதலின் இரண்டையும் அவர் கேட்ட வரிசையிலேயே ஆராய்வோம்.

கருவியின் குணம்

நல்ல ஏர் ஆழ உழும். நல்ல அரிவாள் மழுங்காது அறுக்கும். கருவியை 'நல்லது' என்று சொல்லுங்கால் அது தன் தொழிலைச் செவ்வனே செய்கிறது என்பதே பொருள். அத்தொழில் செய்யத்தக்கதா என்பது வேறு வினா. கைத்துப்பாக்கிக்கும் இதுவே அளவுகோல்.

கைத்துப்பாக்கி பெரும்பாலும் இருவகைப்படும். சுழலும் உருளையில் தோட்டாக்களைத் தாங்குவது ரிவால்வர். கைப்பிடிக்குள் செருகிய பெட்டியிலிருந்து தோட்டாக்களை ஒவ்வொன்றாகத் தானே மேலேற்றிக்கொள்வது பிஸ்டல். 2014ஆம் ஆண்டு சனவரித் திங்களில், கான்பூரில் உள்ள அரசின் படைக்கலத் தொழிற்சாலை பெண்களின் தற்காப்புக்கென்று 'நிர்பீக்' என்னும் ரிவால்வரை வெளியிட்டது. 2012 டிசம்பரில் தில்லியில் ஓடும் பேருந்தில் கொடுமைக்கு உள்ளாகி மாண்ட இளம்பெண்ணை நாட்டு மக்கள் 'நிர்பயா' என்று அழைத்தனர். அச்சமற்ற என்னும் அதே பொருளையே இப்பெயரும் தருகிறது. டைட்டானியம் கலந்த உலோகத்தால் செய்யப்பட்ட இதன் எடை ஏறக்குறைய 500 கிராம், கொள்ளும் தோட்டாக்கள் ஆறு, குழலின் அளவு.32 அங்குலம், அந்நாளில் விலை 1,22,360 ரூபாய். நகைப்பெட்டியை ஒத்த செந்நிறப் பேழையில் வைத்து இதனை விற்றார்கள். 2023 ஆகஸ்டில் கான்பூரிலிருந்தே 'பிரபல்' என்னும் மற்றொரு ரிவால்வர் வந்தது. இதன் குழல் 76 மில்லிமீட்டர். முழு நீளம் 177.6 மில்லிமீட்டர், எடை சுமார் 700 கிராம். முன்னையவற்றைத் தோட்டா இடுவதற்காக நடுவே மடக்கித் திறத்தல் வேண்டும். இதிலோ உருளை பக்கவாட்டில் வெளிவரும். 50 மீட்டர் வரை எட்டும் என்று செய்தோர் கூறினர்.

பிஸ்டல்களில் இத்தாலி நாட்டுப் 'பெரெட்டா எம் 1934' சிறு துப்பாக்கிக்கு இலக்கணமாகக் காட்டப்படுவது. நீளம் 152 மில்லிமீட்டர். 9 மில்லிமீட்டர்க் குறுந்தோட்டா ஏழு கொள்ளும். உறுப்புகள் சிலவே ஆதலின் பழுதும் குறைவு. பிடி குட்டையாதலால் சுண்டு விரல் நழுவாதிருக்கத் தோட்டாப் பெட்டியின் அடியில் சிறு வளைவு ஒன்றை அமைத்திருக்கிறார்கள்.

இவற்றின் நலன்களைத் தொகுத்தால் நான்காகும். பையில் அடங்கும் சிறுமை. நெடுநேரம் சுமந்தாலும் சலிப்புத் தராத இலேசு. துணியில் சிக்காது வெளிவரும் மழமழப்பு. வேண்டிய கணத்தில் தவறாது வெடிக்கும் உறுதி. இந்நலன்களுக்கு ஈடாகக் கொடுக்கும் விலையும் உண்டு. துப்பாக்கி இலேசானால் வெடிக்கையில் அது கையை உதைக்கும் வேகம் மிகும். முன்குறிக்கும் பின்குறிக்கும் இடைவெளி சுருங்கினால் குறி பிழைப்பதும் மிகும். அவ்விடைவெளி 100 மில்லிமீட்டர் எனக் கொள்வோம். முன்குறி ஒரு மில்லிமீட்டர் விலகினால் 15 மீட்டர் தொலைவில் தோட்டா 15 சென்டிமீட்டர் விலகும். நடுங்கும் கைக்கு ஒரு மில்லிமீட்டர் எம்மாத்திரம்? ஆகவே சிறு துப்பாக்கி நெடுநாட் பயிற்சியுள்ளவன் கையில்தான் பயன்படும். அச்சம் மிகுந்து பயிற்சி குறைந்தவர்க்கென்று விற்கப்படுவதோ அதுவே. இஃது அதன் முதற் குறை.

குறுகும் இடைவெளி

இனி, வகுப்பில் உள்ள மற்றொரு நுட்பத்தை நோக்குவோம். ரிவால்வரின் விசையை ஒரே இழுப்பில் இழுத்துச் சுடுவதாயின், அவ்விழுப்பு நீண்டதாகவும் கடினமாகவும் இருக்கும். ஏறத்தாழ ஐந்து கிலோ எடையைத் தூக்கும் அளவு வலிமை விரலுக்கு வேண்டும். உருளை சுழன்று, பின்னுள்ள சுத்தி உயர்ந்து, அதன் பின்னரே அது தோட்டாவின் மேல் விழும். பெரெட்டாவிலோ பாதுகாப்புத் தாழை விரலால் முழு அரைவட்டம் திருப்பினாலன்றி விசை இயங்காது. தவறுதலாகப் பட்ட விரல் ஓர் உயிரைக் கொள்ளைகொள்ளலாகாது என்று இத்தடைகள் வைக்கப்பட்டன. கொல்லும் கருவியை வகுத்தவனே, எண்ணத்திற்கும் செயலுக்கும் நடுவே சிறிது இடைவெளி வேண்டும் என்று ஒப்புக்கொண்டிருக்கிறான்.

ஆயினும் அவன் வைத்த இடைவெளி இமைப்பொழுது. அக்கருவியின் ஏனைய நலன்கள் யாவும் இடைவெளியைச் சுருக்குவனவே. கழியெடுத்து ஒருவனை அடிக்கச் செல்பவன் நடந்து செல்லும் தொலைவில் சினம் ஆறலாம். எதிரியின் முகத்தைக் கண்டு கை தளரலாம். அருகிருப்போர் பிடித்து நிறுத்தலாம். சிறு துப்பாக்கிக்கு நடையும் வேண்டா, வலிமையும் வேண்டா, அருகே செல்லவும் வேண்டா. எப்போதும் உடையவன் அருகில், எப்போதும் பிறர் கண்ணுக்கு மறைவில், எப்போதும் விரலுக்கு ஆயத்தமாக இருப்பதே அதன் சிறப்பு. எண்ணம் தோன்றுவதும் உயிர் போவதும் ஏறத்தாழ ஒன்றாகிவிடுகின்றன.

தம்மத்தின் பயிற்சி இதற்கு நேர்மாறானது. சேதனை, அஃதாவது உள்ளத்து எழும் முனைப்பு, அதுவே கம்மம் என்பது பகவன் புத்தரின் போதனை. சினம் எழுந்தது என்று அறிதல், அது நிற்பதைக் காணுதல், அது தேய்வதைக் காணுதல். இதுவே சதி என்னும் கடைப்பிடி. எழுந்த முனைப்பிற்கும் செய்யும் செயலுக்கும் நடுவே உள்ள வெளியை நாளுக்கு நாள் அகலமாக்குவதே நம் தியானத்தின் வேலை. காஞ்சியோடு தொடர்புடையவரென அறியப்படும் ஆசாரியர் புத்தகோசர் முதலிய உரையாசிரியர்கள், கொலை நிறைவுறுவதற்கு ஐந்து உறுப்புகள் கூறினர்: உயிர் இருத்தல், அஃது உயிர் என அறிதல், கொல்லும் சித்தம், அதற்கான முயற்சி, அதனால் சாவு. கொலை செய்யும் வழிகளுள் எறிந்து கொல்வதை 'நிஸ்ஸக்கியம்' என்று தனியே பிரித்தனர். கையை விட்டுப் போனது என்பது அச்சொல்லின் கருத்து. ஓங்கிய கையை மடக்கலாம்; விட்ட தோட்டாவை மடக்க இயலாது. சித்தத்திற்கும் முயற்சிக்கும் நடுவேதான் மனிதன் திருந்தும் இடம் உள்ளது. சிறு துப்பாக்கி குறுக்குவது அவ்விடத்தையே.

தமிழ்ப் பௌத்தர்களாகிய நமக்கு இதனை விளக்க மணிமேகலைக் காப்பியமே போதும். காயசண்டிகையின் உருவில் இருந்த மணிமேகலையைத் தன் மனைவியென்று மயங்கினான் விஞ்சையன் காஞ்சனன். அவளை நாடி இரவில் வந்த உதயகுமரனை வாளால் வெட்டி வீழ்த்தினான். வினவியறிய ஒரு நாழிகை பொறுத்திருந்தால் அவள் தன் மனைவியல்லள் என்பதை அறிந்திருப்பான். அவன் கையில் வாள் ஆயத்தமாக இருந்தது. மெய்யறிவு ஆயத்தமாக இல்லை. சினத்தினும் முன்பாகவே ஒரு பொய்யறிவு நிற்கிறது என்பதையும், படைக்கலம் அதனை ஆராய விடுவதில்லை என்பதையும் சாத்தனார் காட்டிச் சென்றார்.

வழிபாட்டு இடமும் காவி உடையும்

சிறுமை என்னும் குணத்தின் மறுபெயர் மறைவு. 1948 சனவரி 30 அன்று தில்லி பிர்லா மாளிகையின் வழிபாட்டுக் கூட்டத்திற்கு நடந்து சென்ற காந்தியடிகளை நாதுராம் கோட்சே மூன்று குண்டுகளால் சுட்டுக் கொன்றான். அவன் கையிலிருந்தது மேலே புகழப்பட்ட அப் பெரெட்டாவே. அது தன் தொழிலைச் செவ்வனே செய்தது. கருவியின் அளவுகோலால் அளந்தால் அன்று அதில் யாதொரு குறையும் காண இயலாது.

பிறர் சமயத்தான் செய்த பாவம் என்று நாம் ஒதுங்கிக்கொள்ளவும் வழியில்லை. 1959 செப்டம்பர் 25 அன்று கொழும்பு ரோஸ்மீட் பிளேசில் உள்ள தம் இல்லத்தில், இலங்கைப் பிரதமர் பண்டாரநாயக்கா சுடப்பட்டார், மறுநாள் மாண்டார். சுட்டவர் தல்துவே சோமராமர் என்னும் பௌத்தத் துறவி. கருவி பெரியதொரு ரிவால்வர். அதனை மறைத்துக் கொணர்ந்தது ததாகதர் அளித்த சீவரம். களனி விகாரையின் தலைமைத் தேரராயிருந்த புத்தரக்கிதரே சதிக்கு மூலவர் என்று நீதிமன்றம் கண்டது. பிரதமரோ மருத்துவமனையிலிருந்து மக்களுக்கு விடுத்த செய்தியில், தம்மைச் சுட்டவன்பால் கருணை காட்டுமாறும் பழிவாங்க முனையாதிருக்குமாறும் வேண்டினார். சீவரம் உடுத்தியவர் சீலத்தை இழந்தார். வெள்ளுடை உடுத்திய இல்லறத்தார் சாகுந் தறுவாயில் அதனைக் காத்தார்.

இவ்விரண்டிலிருந்தும் நாம் கொள்ள வேண்டியது ஒன்று உண்டு. படைக்கலம் உடையவனின் சமயத்தையோ நோக்கத்தையோ கேட்பதில்லை. தற்காப்பிற்கென வாங்கியது வேறு கைக்கும் போகும். அதே கையின் வேறு மனநிலைக்கும் போகும். ஆர்தர் கெல்லர்மன் என்னும் மருத்துவரும் அவர் துணைவரும் 1993-ல் அமெரிக்காவில் வெளியிட்ட ஆய்வில், துப்பாக்கியுள்ள வீட்டில் கொலை நேரும் வாய்ப்பு 2.7 மடங்கு என்று கணக்கிட்டனர். அம்மிகுதி பெரும்பாலும் குடும்பத்தாராலும் நெருங்கியவராலும் நேர்ந்ததே. வாசலில் வரும் பகைவனுக்கென வைத்தது அடுக்களையில் எழும் பூசலுக்குப் பயன்பட்டது.

பாபாசாகேப் காட்டிய வேறுபாடு

இத்துடன் முடித்து, 'படைக்கலம் தொடாதே' என்று அன்பருக்கு விடையிறுத்தல் எளிது. ஆனால் அவ்விடை நேர்மையாகாது. அடிபட்டோரைப் பார்த்து அகிம்சை உபதேசிப்பது அடிப்போருக்கு எப்போதும் இனிப்பதொரு செயல். 1968 டிசம்பர் 25 இரவு கீழ்வெண்மணியில் நிலவுடைமையாளரின் ஆட்கள் துப்பாக்கியோடு வந்தனர். அஞ்சி ஒரே குடிசைக்குள் ஒதுங்கிய 44 உயிர்கள், பெரும்பாலும் பெண்டிரும் பிள்ளைகளும் முதியோரும், தீக்கிரையாயின. அவர்களுக்கு அன்று அகிம்சை போதிக்க வேண்டிய தேவை இருந்ததா?

பாபாசாகேப் டாக்டர் அம்பேத்கர் 'புத்தரும் அவர் தம்மமும்' என்னும் நூலில் இச்சிக்கலை நேராக எதிர்கொண்டார். பகவன் புத்தர் அகிம்சையை வளையாத விதியாக வகுக்கவில்லை, வாழ்வின் நெறியாக வகுத்தார் என்பது அவர் கருத்து. கொல்லும் விருப்பம் வேறு, கொல்ல நேரும் தேவை வேறு. முன்னதை முற்றிலும் களைதல் வேண்டும். பின்னது உண்மையில் நேர்ந்ததா என்பதை அவரவர் அறிவைக் கொண்டு ஆராய்தல் வேண்டும். விதி ஆராய்ச்சியைத் தடுக்கும். நெறி ஆராய்ச்சியைக் கோரும். நாட்டின் சட்டமும் தற்காப்புரிமையை ஏற்கிறது. 2024 சூலை முதல் நடைமுறையில் உள்ள பாரதீய நியாய சன்ஹிதையிலும் அவ்வுரிமை தொடர்கிறது.

அன்பர் குறிப்பிடும் சட்டத்தையும் காண்போம். பட்டியல் சாதியினர், பட்டியல் பழங்குடியினர் மீதான வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் 1989-ல் இயற்றப்பட்டது. அதன் கீழ் 1995-ல் வகுக்கப்பட்ட விதிகளுள் மூன்றாம் விதி, வன்கொடுமை நிகழக்கூடிய பகுதிகளில் அரசு மேற்கொள்ள வேண்டிய காப்புகளை வரிசையாகக் கூறுகிறது. தேவையெனக் கருதினால் பட்டியல் இனத்தாருக்குத் துப்பாக்கி உரிமம் வழங்கலாம் என்பது அவற்றுள் ஒன்று. நம்மவருள் பலர் இவ்வொரு வரியை மட்டும் அறிந்து மகிழ்கின்றனர். அதற்கு முன்னே நிற்பவற்றைப் படித்தோர் சிலரே. அப்பகுதியில் பட்டியல் இனத்தவரல்லாதார் வைத்திருக்கும் துப்பாக்கி உரிமங்களை நீக்கி, அப்படைக்கலங்களை அரசுக் கிடங்கில் ஒப்படைக்கச் செய்ய வேண்டும். உரிமமற்ற துப்பாக்கிகளைப் பறிமுதல் செய்து அவற்றின் உற்பத்தியைத் தடுக்க வேண்டும். இவை இரண்டும் முன்னே உள்ளன. நமக்கொரு துப்பாக்கி வேண்டும் என்பது பின்வரும் சொல். அவர்கள் துப்பாக்கியை எடுத்துவிடு என்பது முன்வரும் சொல்.

இவ்வரிசையில் பௌத்தத்திற்கு இசைந்த அறிவு இருக்கிறது. வெண்மணியின் குடிசையில் ஆறு தோட்டா கொண்ட ரிவால்வர் ஒன்று இருந்திருந்தால் ஒருவேளை சில கணங்கள் கிடைத்திருக்கலாம். இல்லையென்று நாம் வாதிடோம். ஆனால் வந்தோர் கையில் துப்பாக்கிகள் இல்லாதிருந்தால்? அந்த இரவு அவ்வாறு விடிந்திராது. வலியவனோடு படைக்கலத்தில் போட்டியிடும் எளியவன் எந்நாளும் பின்தங்குவான். நிர்பீக்கின் விலை ஒன்றே சான்று. நம் தெருவில் அதனை வாங்க வல்லவர் எத்தனை பேர்? அவர்கள் தெருவில் எத்தனை பேர்?

மட்டாஞ்சேரி கற்பித்தது

அன்பர் வாழும் ஊரே இதற்கு மற்றொரு சான்று தருகிறது. கொச்சித் துறைமுகத்தில் முற்காலத்தில் 'சாப்பா' முறை என்று ஒன்று இருந்தது. அன்றாட வேலைக்கு அடையாளமான வில்லைகளைக் கங்காணிகள் காத்து நிற்கும் கூட்டத்தின் நடுவே வீசுவர். பசித்த தொழிலாளர் ஒருவரையொருவர் தள்ளியும் மிதித்தும் பாய்ந்து எடுப்பர். எடுத்தவனுக்கு அன்று சோறு. இம்முறையை எதிர்த்துத் தொழிலாளர் போராடினர். 1953 செப்டம்பர் 15 அன்று மட்டாஞ்சேரியில் காவல் துறையினர் துப்பாக்கிச் சூடு நடத்தினர். அப்போராட்டத்தில் சைது, சைதலவி, அந்தோணி என்னும் மூவர் உயிர்நீத்தனர்.

சாப்பா முறை செய்த பெருங்கேடு கூலிக் குறைவு மட்டுமன்று; உடன் பசித்திருப்பவனைப் பகைவனாகக் காணப் பழக்கியதே அது. முறை மாறியது எவ்வாறு? தொழிலாளர் கையில் துப்பாக்கி ஏறியதால் மாறவில்லை. சங்கம் கூடி, வேலைநிறுத்தம் செய்து, துறைமுகத் தொழிலாளர் சட்டத்தின் வழியே பெயர்ப் பதிவும் முறைவேலையும் பெற்றமையால் மாறியது. கூட்டத்தில் பாய்ந்தவன் பதிவேட்டில் பெயரானான். அதனால் அவன் அருகில் நின்றவனும் பகைவன் என்னும் நிலையிலிருந்து மீண்டு தோழனானான். மூன்று உயிர்கள் விலையாயின என்பதை மறக்கலாகாது. எனினும் அவர்கள் ஈட்டித் தந்த காப்பு ஒருவனது பையில் அடங்கும் காப்பன்று. பல்லாயிரவரும் அவர் பிள்ளைகளும் பங்கிட்டுக்கொண்ட காப்பு.

சிறு துப்பாக்கி தரும் காப்பு ஒருவனுக்கு, ஒரு கணத்திற்கு. அது மனத்திற்குத் தரும் பழக்கமோ நெடுநாள் நிற்பது. பையில் அதனைச் சுமந்து இருளில் நடப்பவன் எதிர்வரும் ஒவ்வொருவனையும் இவன் சுடத்தக்கவனோ என்று அளந்துகொண்டே நடக்க வேண்டும். வில்லைக்குப் பாய்ந்தவன் மனநிலையும் அதுவே. அச்சத்தைப் போக்க வாங்கியது அச்சத்தை நாள்தோறும் ஊட்டி வளர்க்கிறது.

நம் விடை

அன்பரின் முதல் வினாவிற்கு விடை: சிறியதும் இலேசானதும் விரைவானதுமான துப்பாக்கியே கருவி வகையில் நல்லது, ஆனால் அந்நலன் ஒவ்வொன்றும் மனிதனுக்கும் அவன் சினத்திற்கும் நடுவே உள்ள வெளியைக் குறைப்பது. இரண்டாம் வினாவிற்கு விடையும் அதனுள்ளேயே அடங்கியிருக்கிறது. படைக்கல வணிகம் உபாசகன் செய்யலாகாத ஐந்து வணிகங்களுள் ஒன்று, இதில் ஐயமில்லை. வைத்திருப்பதைப் பற்றியோ, உயிருக்கு மெய்யான அச்சுறுத்தல் சூழ்ந்து, காவல் நிலையமும் கைவிட்ட நிலையில், சட்டப்படி உரிமம் பெறும் எளியவரைச் சீலம் கெட்டவர் என்று இகழ நாம் துணியோம். அவரை அந்நிலைக்குத் தள்ளியவரே இகழத்தக்கவர். ஆயினும் சங்கம் அதனை வழியாகக் காட்டாது. விற்றுமுதற் பணத்திற்காக ஓர் உயிரைக் கொள்ள ஆயத்தமாவது தேவையின்பாற் படுவதன்று. பணத்தை இரவில் தனியே சுமக்கச் சொல்லும் முதலாளியிடம் துணையாள் கேட்கலாம். மாலைக்குள் வங்கியில் செலுத்த ஏற்பாடு கேட்கலாம். ஊரில் உள்ள உறவினருக்காக மூன்றாம் விதியின் முன்வரிகளைக் காட்டி மாவட்ட ஆட்சியரிடம் மனு அளிக்கலாம். அம்மனுவில் அவர் பெயரோடு நம் அனைவர் பெயரும் சேர வேண்டும். தனியொருவரின் மனுவை ஒதுக்குவது எளிது. நூறு பெயர் நிற்கும் மனுவை ஒதுக்குவது அத்துணை எளிதன்று.

விநயத்தில் பிக்குகளுக்கு ஒரு சிறு விதி உண்டு. கையில் படைக்கலம் ஏந்தி நிற்பவனுக்கு, அவன் நோயாளியாக இருந்தாலன்றி, தம்மம் உரைத்தல் ஆகாது. அவனைத் தண்டிக்கும் பொருட்டு இவ்விதி வகுக்கப்பட்டதாக நாம் கொள்ளவில்லை. கைவிரல் ஒரு வேலையில் முனைந்திருக்கும்போது செவி வேறு வேலை செய்யாது என்னும் உண்மையை அறிந்தே வகுத்திருக்க வேண்டும். கேட்கும் செவியும் நிதானிக்கும் நெஞ்சும் உடையோராய், ஒருவரையொருவர் தனியே விடாதோராய் நாம் வாழ்வோமாக. அவ்வாறு வாழும் கூட்டத்தின் நடுவில் இருப்பவனுக்கு இருள் வழியும் அத்தனை இருளாக இராது.

எல்லா உயிர்களும் அச்சம் நீங்கி வாழ்க.